மிட்டாய்ப் புட்டிகளின் கதை

கேமரன் மலைத் தோட்டங்களில் பிறந்து வளர்ந்த பெரியவர்களிடம், "சிறு வயதில் நீங்கள் மிகவும் விரும்பித் தின்றது எது?" என்று கேட்டுப் பாருங்கள். சோறும் கறியும் அவர்கள் நினைவில் முதலில் எழுவதில்லை. தோட்டத்துக் கடையின் பலகைமேல் வரிசையாக நின்ற கண்ணாடிப் புட்டிகளே எழுகின்றன. மூடியைத் திறந்தவுடன் பரவிய மணத்தையும், மெல்லிய தாளைப் பிரிக்கையில் எழுந்த சலசலப்பையும், சம்பள நாளன்று தந்தையின் சட்டைப் பையிலிருந்து வந்த சிறு பொட்டலத்தையும் அவர்கள் வருணிக்கும்போது, பல் போன முகங்களும் மலர்ந்துவிடுகின்றன. இஃது ஏன்? அம்மிட்டாய்கள் எங்கிருந்து வந்தன? அவை என்ன பொருளால் ஆனவை? இவற்றைப் பற்றி நாம் அறிந்தவற்றை மாணவச் செல்வங்களுக்கும், பெற்றோருக்கும், தோட்டத் தொழிலாளத் தோழர்களுக்கும் இம்மலரின் வாயிலாக எடுத்துரைக்க விழைகிறோம்.

அப்புட்டிகளில் இருந்தவற்றுள் பல, ஆங்கிலேயச் சிறுவர்களின் மிட்டாய்கள். அவை மலையேறி வந்த வழி நம் மலையின் வரலாற்றோடு பிணைந்தது. 1885ஆம் ஆண்டில் வில்லியம் கேமரன் என்னும் நில அளவையாளர் இம்மேட்டுநிலத்தைக் கண்டு எழுதி வைத்தார். 1929இல் ஜே. ஏ. ரசல் என்பவர் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். தாப்பாவிலிருந்து மலைச்சாலை வந்தது. தொடர்ந்து துரைமார்களின் ஓய்வு மாளிகைகளும் வந்தன. 1934இல் ஆங்கிலேயப் பிள்ளைகளுக்கென ஒரு விடுதிப் பள்ளி இங்கே நிறுவப்பட்டது. பின்னர் 1951 முதல் 1964 வரை தானா ராத்தாவில் சிலிம் பள்ளி நடைபெற்றது. பிரிட்டிஷ் படையினரின் பிள்ளைகள் அங்குத் தங்கிப் பயின்றனர். பெற்றோரைப் பிரிந்து குளிரில் கிடந்த அப்பிள்ளைகளுக்கு, ஊரிலிருந்து வந்த ஒரு தகர டப்பா மிட்டாய் எவ்வளவு பெரிய ஆறுதலாக இருந்திருக்கும் என்பதை நாம் ஊகித்துக்கொள்ளலாம்.

அந்நாட்டு மிட்டாய்களைப் பற்றிய கதைகள் பல. 'ஆல்சார்ட்ஸ்' என்னும் பல நிறக் கலவை மிட்டாய், 1899இல் ஒரு விற்பனையாளர் தம் மாதிரித் தட்டுகளைத் தவறிக் கீழே கொட்டியதால் பிறந்தது என்பர். வெவ்வேறாக விற்க எடுத்து வந்தவை ஒன்றாகச் சிதறிக் கிடந்த அழகு கடைக்காரருக்குப் பிடித்துப் போயிற்றாம். இம்மிட்டாயின் கறுப்புப் பகுதி எதனால் ஆனது தெரியுமா? அதிமதுரத்தால்! இருமலுக்கு நம் பாட்டிமார் வாயில் அடக்கிக்கொள்ளச் சொல்லும் அதே வேர்தான் ஆங்கிலேயச் சிறுவர்களின் பல்லைக் கறுப்பாக்கியது. நாம் மருந்துக் கடையில் தேடியதை அவர்கள் மிட்டாய்க் கடையில் தேடினர்.

ரோல்ட் டால் என்னும் எழுத்தாளரை மாணவர்கள் அறிந்திருக்கலாம். அவர் ரெப்டன் பள்ளியில் படித்த காலத்தில், கேட்பரி நிறுவனத்தார் புதுவகைச் சாக்லெட்டுகளைப் பெட்டியில் இட்டு மாணவர்களுக்கு அனுப்பி, தின்று மதிப்பெண் இடச் சொல்வார்களாம். அவ்வனுபவமே பின்னாளில், 1964இல், சாக்லெட் தொழிற்சாலையைப் பற்றிய அவருடைய புகழ்பெற்ற கதைக்கு வித்தாயிற்று. தேர்வு எழுதுவதற்குப் பதிலாகத் தேர்வு நடத்தும் பேறு பெற்ற மாணவர்கள்! நம் மாணவர்களுக்கு இப்படி ஒரு பாடம் கிடைத்தால் வருகைப் பதிவேட்டில் ஒரு குறைவும் இராது.

இனி, நம் பகுதியில் நடந்த ஒரு வழக்கைக் கூறுவோம். 'ஹேக்ஸ்' என்னும் இருமல் மிட்டாயைப் பெரியவர்கள் அனைவரும் அறிவர். குளிரும் பனியும் மிகுந்த நம் மலையில் கொழுந்து பறிக்கப் போகிறவர்களின் மடியில் இத்தகைய மிட்டாய் ஒன்றிரண்டு இருப்பது வழக்கம். ஓர் ஆங்கிலக் குழுமம் 1953 முதல் இதனைச் சிவப்புத் தாளில் சுற்றிச் சிங்கப்பூரில் விற்று வந்தது. தாளின்மேல் பெயர் ஆங்கிலத்தில் அச்சிடப்பட்டிருந்தது. ஆனால் வாங்கியவர்களுள் பலருக்கு ஆங்கிலம் படிக்கத் தெரியாது. ஆகவே அவர்கள் கடையில் பெயரைச் சொல்லிக் கேட்கவில்லை. "சிவப்புத் தாள் இருமல் மிட்டாய் கொடு" என்றே கேட்டு வாங்கினர். 1958இல் வேறொரு நிறுவனம், 'பெக்டோ' என்னும் தன் மிட்டாயை அதே போன்ற சிவப்புத் தாளில் சுற்றி விற்கத் தொடங்கியது. பெயர் வேறுதான், ஆனால் படிக்கத் தெரியாதவருக்குப் பெயரால் என்ன பயன்? வழக்கு சிங்கப்பூரில் தொடங்கி, அக்காலத்து இறுதி முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. 1964இல் தீர்ப்பாயிற்று. எழுத்தறியா மக்கள் நிறத்தைக் கண்டே பொருளை அடையாளம் காண்கின்றனர். ஆகவே அந்நிறத்தைப் பின்பற்றி விற்பது அவர்களை ஏமாற்றுவதாகும் என்னும் வாதம் வென்றது. இன்றும் பல நாடுகளில் சட்டம் பயில்வோர் இவ்வழக்கைப் படிக்கின்றனர்.

வழக்கில் வென்றது மிட்டாய்க் குழுமம் என்பது உண்மையே. எனினும், அத்தீர்ப்பு எழுந்தது யாரால்? கையில் காசுடன் கடைமுன் நின்று, எழுத்தைப் படிக்க இயலாமல் நிறத்தைச் சுட்டிக் காட்டிய எளிய மக்களால் அன்றோ? நம் தோட்டங்களிலும் அப்படி நின்றவர்கள் எத்தனையோ பேர். கடைக்காரர் '555' கணக்குப் புத்தகத்தில் எழுதிக் கொடுத்த தொகை சரியா தவறா என்று பார்க்கவும் அவர்களுக்கு வழியில்லை. தம் பிள்ளைகள் அதைப் படித்துச் சரிபார்க்க வேண்டும் என்றுதான் அவர்கள் தமிழ்ப் பள்ளிக்கு அனுப்பினார்கள்.

மிட்டாய் நினைவில் நிற்பதற்கு முதற் காரணம் அஃது அரிதாக இருந்ததே எனலாம். இங்கிலாந்தையே எடுத்துக்கொள்வோம். இரண்டாம் உலகப் போரின்போது, 1942 ஜூலை 26 முதல் அங்கு மிட்டாய்க்கும் பங்கீட்டு அட்டை வந்தது. ஒருவருக்கு வாரம் ஒன்றுக்குச் சில அவுன்ஸ் மட்டுமே. போர் முடிந்தும் பங்கீடு முடியவில்லை. 1949 ஏப்ரலில் அதனை நீக்கிப் பார்த்தனர். கடைகள் காலியாகிவிட்டதால் ஆகஸ்டிலேயே மீண்டும் கொண்டு வந்தனர். கடைசியாக 1953 பிப்ரவரி 5ஆம் நாள்தான் அது முற்றாக நீங்கியது. அன்று பிள்ளைகள் உண்டியலை உடைத்துக்கொண்டு கடைக்கு ஓடினர். லண்டனின் கிளாப்பம் பகுதியில் ஒரு நிறுவனம் 800 பள்ளிப் பிள்ளைகளுக்கு 150 பவுண்டு எடையுள்ள குச்சி மிட்டாய்களை இலவசமாக வழங்கியது. பத்தாண்டுக் காலம் மிட்டாயை எண்ணி எண்ணித் தின்ற ஒரு தலைமுறை, முதுமையிலும் அதனை மறக்காததில் வியப்பென்ன?

இவ்விடத்தில் இன்னொரு செய்தியும் நினைவுக்கு வருகிறது. குழந்தை உருவில் அமைந்த 'ஜெல்லி பேபி' என்னும் மென்மிட்டாயை ஷெஃபீல்டு நகர பாசெட் நிறுவனம் 1918இல் செய்தது. முதல் உலகப் போர் ஓய்ந்த ஆண்டு அது. ஆகவே அதற்கு இடப்பட்ட பெயர் 'சமாதானக் குழந்தைகள்'. அடுத்த போர் வந்தபோது பொருள் தட்டுப்பாட்டால் அதன் உற்பத்தி நின்றது. 1953இல்தான் அது இன்றைய பெயருடன் மீண்டும் வந்தது.

நம் நாட்டிலோ, மிட்டாய்க்குப் பங்கீடு என்ற பேச்சுக்கே இடமில்லாத காலமும் இருந்தது. 1941 இறுதியில் தொடங்கி 1945 வரை நீடித்த ஜப்பானியர் காலத்தில் அரிசியே கிடைக்கவில்லை. மரவள்ளிக் கிழங்கைத் தின்று உயிர் வாழ்ந்தனர். தோட்டத்து ஆண்மக்கள் ஆயிரக்கணக்கில் சயாம் இரயில் பாதை போட இழுத்துச் செல்லப்பட்டனர்; பலர் திரும்பவேயில்லை. அக்காலத்துப் பிள்ளைகளுள் எஞ்சியிருப்போர் இன்று மிகச் சிலரே. சீனி கலந்த ஒரு கோப்பைத் தேநீரை அவர்கள் கடைசித் துளிவரை சிந்தாமல் குடிப்பதை வீட்டில் கண்டவர்கள், அதன் காரணத்தையும் ஒருமுறை கேட்டறிய வேண்டும். கேட்பதற்கு நாள் மிகுதியாக இல்லை.

சரி, மிட்டாய் எப்படி உருவாகிறது? இதில் நம் தாய்மார்களே பேராசிரியர்கள். சீனியும் நீரும் சேர்த்துக் கொதிக்க வைத்தால், நீர் ஆவியாக ஆகப் பாகின் வெப்பம் ஏறுகிறது. ஏறத்தாழ 115 பாகையில் அதை நீரில் விட்டால் மெத்தென உருளும். 125 பாகையில் கெட்டியாக உருளும். 150 பாகையைத் தொட்டதும் முறுகிவிடும். ஆறிய பின் கண்ணாடி போல் ஒடியும். ஆங்கில மிட்டாய்க்காரர்கள் ஒரு துளியைக் குளிர்ந்த நீரில் விட்டு, விரலால் உருட்டி, பல்லால் கடித்துப் பதம் கண்டனர். நம் வீட்டில் தீபாவளிக்குக் கடலை உருண்டை பிடிக்கும்போது அம்மா செய்வதென்ன? பாகைத் தண்ணீரில் விட்டு உருட்டித் தட்டில் எறிகிறார். 'டங்'கென்று ஒலித்தால் பதம் வந்துவிட்டது என்கிறார். இரு நாட்டு அடுப்பங்கரைகளும் ஒன்றையொன்று பாராமலே ஒரே சோதனையைக் கண்டுபிடித்துள்ளன.

நம் மலையில் இச்சோதனைக்குத் தனிச் சிறப்பும் உண்டு. தானா ராத்தா கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 1,440 மீட்டர் உயரத்தில் உள்ளது. இவ்வுயரத்தில் காற்றழுத்தம் குறைவு. ஆகவே நீர் 100 பாகையில் கொதிப்பதில்லை. சுமார் 95 பாகையிலேயே கொதித்துவிடுகிறது. பாகும் அவ்வாறே. சமவெளியில் எழுதிய சமையல் நூலைப் பார்த்து, வெப்பமானியில் 150 பாகை காட்டும்வரை இங்குக் காய்ச்சினால், பாகு பதம் தப்பிக் கருகத் தொடங்கும். இங்கு 145 பாகையிலேயே இறக்க வேண்டும். ஆனால் அம்மாவின் தட்டுக்கு உயரம் ஒரு பொருட்டன்று. கோலக்கிள்ளானில் ஒலிக்கும் 'டங்' இங்கும் அதே நேரத்தில் சரியாக ஒலிக்கும். கருவியை வென்றது காது!

இன்னொரு தொல்லை ஈரம். கடினமான மிட்டாய் என்பது உண்மையில் ஒருவகைக் கண்ணாடியே. சீனித் துகள்கள் மீண்டும் படிகமாகச் சேர நேரமின்றி உறைந்துபோன நிலை அது. படிகமாகாமல் தடுக்கவே எலுமிச்சைச் சாற்றையோ புளிப்பு உப்பையோ சிறிது சேர்க்கின்றனர். இக்கண்ணாடி, காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சும் இயல்புடையது. மூடுபனி தவழும் நம் மலையில் திறந்து வைத்த மிட்டாய் ஒரே நாளில் பிசுபிசுத்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். இறுக மூடிய புட்டியும், ஒவ்வொன்றுக்கும் தனித்தாளும் அழகுக்காக மட்டும் வந்தவையல்ல என்பதை இதனால் உணரலாம்.

நாவில் பட்டதும் பொங்கிக் குளிரும் 'ஷெர்பெட்' தூளின் கமுக்கமும் எளிதே. சீனியோடு சமையல் சோடாவையும் புளிப்பு அமிலத் தூளையும் கலந்திருப்பர். உலர்ந்திருக்கும்வரை அவை சும்மா இருக்கும். உமிழ்நீர் பட்டதும் கரியமிலவாயு குமிழியிட்டுக் கிளம்பும். அம்மாற்றம் வெப்பத்தை ஈர்த்துக்கொள்வதால் நாக்குக் குளிரும்.

ஆங்கில மிட்டாய்களைப் புகழ்ந்து நம்முடையவற்றை மறந்தோம் என்று யாரும் எண்ண வேண்டா. தேங்காயும் வெல்லமும் கூடிய கமர்கட்டு, ஊறிய தேன்மிட்டாய், எத்தனை மணி நேரம் கடித்தாலும் உடையாத கல்கோனா, இழுத்தால் நீளும் சவ்வு மிட்டாய் ஆகியவற்றை மூதாதையர் தமிழகத்திலிருந்து நினைவிலேனும் கொண்டு வந்தனர். கோவில்பட்டிக் கடலை மிட்டாய் 2020இல் புவிசார் குறியீடு பெற்றது. ஆரஞ்சுச் சுளை வடிவ மிட்டாயோ இரண்டுங் கலந்த பிறவி. ஆங்கில முறையில் காய்ச்சி, நம் ஊர்ச் சிறுவர் கைக்கு வந்தது. தென்னார்க்காட்டு நெல்லிக்குப்பத்தில், ஆங்கிலேயர் நிறுவிய பாரி குழுமம் 1914இல் மிட்டாய் செய்யத் தொடங்கியது. 2004இல் அது கொரிய நாட்டு லோட்டே நிறுவனத்தின் கைக்கு மாறியது. கைகள் மாறினாலும் 'பாரி மிட்டாய்' என்ற பெயர் பெரியவர்கள் நாவில் அப்படியே இருக்கிறது.

பெயரைப் பற்றிச் சொல்லும்போது ஒன்று. மிட்டாயைக் குறிக்கும் 'கேண்டி' என்னும் ஆங்கிலச் சொல் எங்கிருந்து சென்றது? துண்டு எனப் பொருள்படும் வடமொழிக் 'கண்ட' என்னும் சொல் பாரசீகம், அரபு, பிரெஞ்சு வழியாக அங்குப் போய்ச் சேர்ந்தது. நம் கற்கண்டில் உள்ள 'கண்டு' அதன் உறவே. சீனியை ஆங்கிலத்தில் குறிக்கும் சொல்லும் 'சர்க்கரை'யின் உடன்பிறப்புத்தான். ஆங்கிலேயர் புட்டியில் அடைத்துக் கொண்டு வந்த சொல் நம் பக்கத்திலிருந்து போனதே!

சொல் மட்டுமா போயிற்று? சீனியை விளைவித்த கைகளும் நம்முடையவை. தேயிலைக்கும் இரப்பருக்கும் முன்னர், 19ஆம் நூற்றாண்டில் பினாங்குக்கு எதிரேயுள்ள வெல்லெஸ்லி மாநிலத்தில், இன்றைய செபராங் பிறையில், கரும்புத் தோட்டங்கள் இருந்தன. ஒப்பந்தக் கூலிகளாகத் தமிழர்கள் அங்குக் கொண்டு வரப்பட்டனர். அவ்வொப்பந்த முறை மலாயாவில் 1910இல்தான் ஒழிந்தது. ஏறத்தாழ அதே காலத்தில் ஆப்பிரிக்கக் கரையோரத் தீவான சாவ் தோமேயில் அடிமை நிலையில் வேலை வாங்கப்பட்டோர் கொக்கோ பறித்தனர். தம் தொழிலாளர்க்குத் தோட்டத்தோடு வீடு கட்டிக் கொடுத்த கேட்பரி நிறுவனமே அக்கொக்கோவை வாங்கி வந்தது. 1901இலேயே செய்தி காதுக்கு எட்டியும், 1909இல்தான் வாங்குவதை நிறுத்தியது. இதைக் கண்டித்த நாளேட்டின்மேல் அது தொடுத்த மானநட்ட வழக்கில், வெற்றி என்னவோ நிறுவனத்துக்கே. ஆனால் நடுவர்கள் வழங்கிய இழப்பீடு ஒரு ஃபார்த்திங், அதாவது ஒரு பென்னியில் கால்! அக்கால் பென்னியில் பன்னிருவர் சொல்ல விரும்பியது முழுவதும் அடங்கியிருந்தது என்பது நம் கருத்து. தேயிலைக் கூடை சுமப்பவர்களுக்கு இதை விரித்துரைக்க வேண்டியதில்லை.

இவ்வளவு வரலாறும் தெரிந்த பின்னும் மிட்டாயின் மேலுள்ள ஆசை தீருவதில்லை. அதற்கு மூக்கும் ஒரு காரணம். நாக்கு அறிவது இனிப்பு, புளிப்பு முதலிய சில சுவைகளையே. ஆரஞ்சு, ஏலம், புதினா என்று பிரித்தறிவது மூக்கு. மண உணர்வைக் கொண்டு செல்லும் நரம்பு, மூளையில் நினைவும் உணர்ச்சியும் தங்கும் பகுதிகளுக்கு மிக அருகில் சென்று சேர்கிறது. அதனால்தான் ஒரு மணம் நாற்பதாண்டுக்கு முந்தைய சம்பள நாளைக் கண்முன் நிறுத்திவிடுகிறது.

ஆனால் அந்தச் சம்பள நாள் மாதத்தில் ஒன்றே. இங்குதான் நமக்குக் கவலை பிறக்கிறது. முன்பு மாதம் ஒருமுறை வந்த இனிப்பு, இன்று காலையில் மைலோவாக, இடைவேளையில் நீர்ப்பானமாக, மாலையில் பொட்டலமாக நாள்தோறும் வருகிறது. 2019இல் நடந்த தேசிய உடல்நல ஆய்வின்படி, நம் நாட்டுப் பெரியவர்களில் 100க்கு ஏறத்தாழ 18 பேருக்கு நீரிழிவு இருந்தது. இந்தியர்களிடையே அது 100க்கு ஏறத்தாழ 31. இது யாரோ ஒருவரின் கதையன்று. நம் வீட்டில் காலில் கட்டுடன் அமர்ந்திருக்கும் தாத்தாவின் கதை. அவ்வாண்டு ஜூலையில்தான் சீனி கலந்த பானங்களுக்கு அரசு வரி விதிக்கத் தொடங்கியது.

பல்லின் கதையோ மேலும் கசப்பானது. சுவீடன் நாட்டின் விப்பேஹோல்ம் என்னும் மனநல விடுதியில், 1940களில், அங்கிருந்தோருக்கு ஒட்டும் டாஃபியை வேண்டுமென்றே கொடுத்துப் பல்லைக் கெடவிட்டுச் சோதித்தனர். மறுத்துச் சொல்ல இயலாதவர்கள்மேல் நடத்திய அச்செயலை எவ்வகையிலும் ஏற்க இயலாது. எனினும் அதனால் தெரிந்த உண்மை இது: பல்லைக் கெடுப்பதில் தின்ற சீனியின் அளவைவிட, உணவு வேளைகளுக்கு இடையே எத்தனை முறை தின்றோம், அஃது எவ்வளவு நேரம் பல்லில் ஒட்டியிருந்தது என்பவையே முதன்மையானவை. அதன்பின் அந்நாட்டார் பிள்ளைகளுக்குச் சனிக்கிழமை மட்டும் மிட்டாய் கொடுக்கும் வழக்கத்தை மேற்கொண்டனர். எந்த ஆய்வும் இல்லாமல், வறுமையால் நம் தோட்டங்கள் கடைப்பிடித்த சம்பள நாள் மிட்டாயும் ஏறத்தாழ அதுவே. வறுமை திரும்ப வேண்டா. அந்த நாள் மட்டும் திரும்பலாம்.

மாணவர்களே, அடுத்த சம்பள நாளில் ஆரஞ்சு மிட்டாய் இரண்டு வாங்குங்கள். ஒன்றைப் பாட்டியிடம் கொடுங்கள். அவருக்கு நீரிழிவு இருந்தால் தாளைப் பிரித்து மணம் மட்டும் காட்டுங்கள். மற்றொன்றை நீங்கள், மூக்கை இறுகப் பிடித்துக்கொண்டு வாயில் போடுங்கள். இனிப்பும் புளிப்பும் தெரியும்; ஆரஞ்சு தெரியாது. பத்து எண்ணி விரலை எடுங்கள். வாய் முழுதும் ஆரஞ்சு வந்து நிறையும். அந்நேரத்தில் பாட்டி என்ன சொல்லிக்கொண்டிருக்கிறார் என்பதையும் கேட்டு எழுதி வாருங்கள். அடுத்த ஆண்டு மலரில் அதற்கு இடம் வைத்திருக்கிறோம்.